வாளும் வாகையும் – சாமுண்டராயர் வரலாறு காட்டும் வீரநெறி

கொல்லாமையைத் தலையாய அறமாகக் கொண்ட சமயத்தில் வீரனுக்கு இடம் உண்டா? இவ்வினா புதியதன்று. சமண அரசர்கள் அகிம்சை பேசியதால் நாடுகள் வலிமை இழந்தன என்று எழுதியோர் உளர். பள்ளியிலும் கல்லூரியிலும் பயிலும் நம் இளைஞர்கள் இக்கூற்றை எங்கேனும் ஒருமுறை கேட்டே தீர்கின்றனர். கேட்டதும் சிலர் நாணுகின்றனர், சிலர் சினங்கொள்கின்றனர். இரண்டும் வேண்டா. வரலாற்றை எடுத்துப் படித்தால் போதும். பத்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த சாமுண்டராயர் என்னும் படைத்தலைவரின் வாழ்வு இவ்வினாவிற்கு விடையாக நிற்கிறது. அவ்விடை சிரவணபெளகொளத்தின் மலைமேல் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக மழையிலும் வெயிலிலும் நின்றுகொண்டிருக்கிறது.

தமிழ் கண்ட வெற்றி

சாமுண்டராயரிடம் செல்லுமுன் வீரம் என்பதைத் தமிழ் மரபு எவ்வாறு கண்டது என்பதை நினைவுகூர்தல் நலம். வெட்சி முதலாகப் போர்நிலைகளைத் திணைகளாக வகுத்த தொல்காப்பியர், வெற்றிக்குரிய திணையை வாகை என்றார். ஆயின் அவர் வாகையைப் போர்க்களத்தோடு நிறுத்தவில்லை. அரசர்க்குரிய பகுதி அதில் உண்டு. அறிவர்க்கும் தாபதர்க்கும் உரிய பகுதிகளும் அதில் உண்டு. அருளோடு கூடிய துறவும், காமத்தை நீத்தலும் வாகையின் துறைகளாகவே எண்ணப்பட்டன. பகைவனை வென்றவனும் தன்னை வென்றவனும் ஒரே மாலையைச் சூடுதற்கு உரியர் என்பது தமிழிலக்கணத்தின் தீர்ப்பு.

திருவள்ளுவர் படைச்செருக்கையும் பாடினார், கொல்லாமையையும் பாடினார். படைச்செருக்கு அதிகாரத்திலேயே, பகைவனுக்கு இடர் வந்துற்றபோது அவனுக்கு உதவுதலை வீரத்தின் கூர்மையாக வைத்தார். வாளுக்குக் கூர்மை இரும்பில் உள்ளது. வீரத்துக்குக் கூர்மை அருளில் உள்ளது என்பதே அதன் கருத்து.

சமணத்தில் இக்கருத்து சொல்லளவிலேயே பதிந்துள்ளது. ‘ஜினர்’ என்னும் சொல்லுக்கு வென்றவர் என்று பொருள். இருபத்து நான்காம் தீர்த்தங்கரர் வர்த்தமானருக்கு வழங்கும் பெயர்களுள் வீரர், அதிவீரர், மகாவீரர் என்பன மூன்று. படை நடத்தாத ஒருவரை உலகம் பெருவீரர் என்று அழைத்து வருகிறது. அச்சொல்லின் முழுப்பொருளை உணரப் படை நடத்திய ஒருவரின் வாழ்வைக் காண்பதே தகும்.

கங்கநாட்டுப் படைத்தலைவர்

இன்றைய கருநாடகத்தின் தென்பகுதியை ஆண்ட மேலைக் கங்கர்கள் சமணத்தைப் போற்றியவர்கள். தமிழகத்திற்கும் அவர்களுக்கும் தொடர்பு உண்டு. வேலூர் மாவட்டத்து வள்ளிமலையில் உள்ள சமணக் குகைக்கோயில், கங்கமன்னன் இராசமல்லன் அமைத்தது என்பதை அங்குள்ள கல்வெட்டு தெரிவிக்கிறது. அதே குடியைச் சேர்ந்த இரண்டாம் பூதுகன், இராட்டிரகூட மன்னன் மூன்றாம் கிருட்டிணனுக்குத் துணையாகக் கி.பி. 949இல் தக்கோலத்தில் போரிட்டான். ‘யானைமேல் துஞ்சிய தேவர்’ என்று வழங்கப்பெறும் சோழ இளவரசர் இராசாதித்தர் அப்போரில் அவன் கையால் வீழ்ந்தார். சமணத்தைப் பேணிய குடி போருக்கு அஞ்சிய குடி அன்று என்பதற்கு நம் அரக்கோணத்தை அடுத்த தக்கோலமே சான்று.

பூதுகனின் மகன் இரண்டாம் மாரசிம்மன். அவனிடமும், அவனுக்குப் பின் அரசேறிய நான்காம் இராசமல்லனிடமும் அமைச்சராகவும் படைத்தலைவராகவும் பணியாற்றியவர் சாமுண்டராயர். அவர் களம் பல கண்டவர். நொளம்பர்களோடு கோனூரில் நிகழ்ந்த போரில் காட்டிய ஆற்றலால் ‘வீரமார்த்தாண்டன்’ என்னும் பட்டம் பெற்றார். மார்த்தாண்டன் என்றால் ஞாயிறு. உச்சங்கிக் கோட்டைப் போரில் ‘ரணரங்கசிங்கம்’ ஆனார். பகைவர் குலத்திற்குக் கூற்றுவன் கைத்தண்டு என்னும் பொருள்தரும் ‘வைரிகுலகாலதண்டன்’ என்பது அவருடைய மற்றொரு பட்டம்.

அதே மனிதர் கி.பி. 978இல் கன்னட உரைநடையில் ஒரு புராணம் இயற்றினார். அறுபத்து மூன்று சலாகா புருடர்களின் வரலாற்றைக் கூறும் அந்நூல் ‘சாமுண்டராய புராணம்’ என்று வழங்குகிறது. கன்னட உரைநடையின் தொன்மையான நூல்களுள் ஒன்றாக மதிக்கப்படுகிறது. தமிழ்ச் சமணர் இல்லங்களில் ஓதப்பெறும் ஸ்ரீபுராணத்தின் பொருளும் இதுவேயாதலால், நம்மவர்க்கு அந்நூல் அயலானதன்று. கன்னடத்தின் பெரும்புலவருள் ஒருவராகிய ரன்னரை ஆதரித்தவர்களுள் சாமுண்டராயரும் ஒருவர்.

அவருக்கு ஆசிரியர் இருவர். ஒருவர் அஜிதசேனர்; மற்றவர் நேமிசந்திர சித்தாந்த சக்கரவர்த்தி. நேமிசந்திரர் இயற்றிய ‘கோமட்டசாரம்’ சீவகாண்டம், கருமகாண்டம் என இரு பகுதிகளாக உயிரையும் வினையையும் ஆராய்கிறது. கோமட்டன் என்பது சாமுண்டராயரின் மற்றொரு பெயர். போர்க்களத்திலிருந்து திரும்பிய மாணவரின் பெயரையே ஆசிரியர் தம் நூலுக்கு இட்டார். வினை எவ்வாறு உயிரைப் பற்றுகிறது, எவ்வாறு உதிர்கிறது என்பதை அறியும் தேவை, வாளெடுத்தவருக்கு மற்றவர்களைக் காட்டிலும் மிகுதி அல்லவா?

இல்லறத்தான் கையில் வாள்

சமணம் துறவிக்கு மகாவிரதத்தையும் இல்லறத்தானுக்கு அணுவிரதத்தையும் வகுத்தது. இம்சையை ஆசிரியர்கள் நான்காகப் பிரித்தனர். கொல்ல வேண்டும் என்னும் எண்ணத்தோடே கொல்வது சங்கல்ப இம்சை. சமைத்தல், நீர் முகத்தல், பெருக்குதல் போன்ற இல்லறச் செயல்களில் நேர்வது ஆரம்ப இம்சை. உழவு முதலிய தொழில்களில் நேர்வது உத்தியோக இம்சை. நாட்டையும் மக்களையும் தன்னையும் காக்கும் பொருட்டுத் தாக்க வந்தவனை எதிர்ப்பதில் நேர்வது விரோதி இம்சை. இல்லறத்தான் முதலாவதை முற்றும் விடவேண்டும்; ஏனைய மூன்றையும் இயன்ற அளவு குறைக்கவேண்டும்.

இப்பகுப்பினால்தான் சமண மன்னனும் சமணப் படைத்தலைவனும் வரலாற்றில் இடம்பெற முடிந்தது. ஆனால் இதைத் தவறாகப் புரிந்துகொள்ளுதல் கூடாது. விரோதி இம்சையும் இம்சையே. அதற்குரிய வினை செய்தவனையே சேரும். களத்தில் கொன்றவனுக்கும் களத்தில் இறந்தவனுக்கும் வீரசொர்க்கம் கிட்டும் என்ற நம்பிக்கை அக்காலத்தில் எங்கும் பரவியிருந்தது. சமண வீரனுக்கு அந்த ஆறுதல் இல்லை. கடமை எனக் கருதிப் போருக்குச் செல்லலாம்; ஆனால் கொலை புண்ணியமாகிவிடும் என்று தன்னைத் தேற்றிக்கொள்ள அவனுக்கு வழியில்லை. வெற்றி முரசு முழங்கும்போதும் கணக்கு எழுதப்பட்டுக்கொண்டே இருக்கிறது என்பதை அறிந்தவன் அவன். அவ்வறிவோடு வாளெடுப்பது, அறியாமல் எடுப்பதைவிடக் கடினமானது.

தம்பிக்காக எடுத்த வாள்

சாமுண்டராயரின் பட்டங்களுள் மிகவும் புகழ்பெற்றது ‘சமரபரசுராமன்’ என்பது. அப்பட்டம் பெற்ற காரணத்தை அவருடைய புராணமே தருகிறது. அவருடைய தம்பி நாகவர்மன். அவனை ஒரு பகைவன் கொன்றான். சாமுண்டராயர் அப்பகைவனைத் தேடிக் களத்தில் எதிர்ப்பட்டுக் கொன்று பழிதீர்த்தார். தந்தையைக் கொன்றோர் மீது மழுவெடுத்த பரசுராமனோடு ஒப்பிட்டு உலகம் அவரைப் பாராட்டியது.

இந்நிகழ்ச்சியில் நாம் சற்று நிற்றல் வேண்டும். நாட்டைக் காக்க நிகழ்ந்த போர் வேறு. உடன்பிறந்தவனுக்காகப் பழிதீர்த்தது வேறு. முன்னதில் கடமை உண்டு. பின்னதில் துயரமும் சினமும் உண்டு. அக்கால வீரநெறி இரண்டையும் ஒன்றாகவே போற்றியது. பழிதீர்க்காதவனைக் கோழை என்றே அது கருதியிருக்கும்.

அதே நூலில் அவருடைய பட்டங்களின் மற்றொரு வரிசையும் உள்ளது. ‘சம்யக்துவ ரத்னாகரன்’ என்பது நற்காட்சியின் கடல் எனப் பொருள்படும். ‘குணரத்னபூஷணன்’ என்பது குணமாகிய மணிகளை அணிந்தவன் எனப் பொருள்படும். விளையாட்டிற்கும் பொய் சொல்லாதவர் என்பதால் ‘சத்திய யுதிட்டிரன்’ என்றும் பெயர். ஒரே மனிதர், ஒரே ஏடு, இரண்டு வரிசைகள். ஒன்று பிறரை வென்றதால் வந்தது; மற்றொன்று தம்மை ஆண்டதால் வந்தது. ‘வீரமார்த்தாண்டன்’ ஆவதற்கு ஒருநாள் போர் போதுமாயிற்று. ‘சத்திய யுதிட்டிரன்’ ஆவதற்கு நாள்தோறும் நாவைக் காக்க வேண்டியிருந்தது.

தமையனுக்காகத் தாழ்ந்த கை

இத்தகைய படைத்தலைவர் தம் வாழ்வின் பெருஞ்செயலாக எதைச் செய்தார்? வெற்றித்தூண் நாட்டவில்லை, தாம் குதிரைமீது அமர்ந்த உருவத்தை வடிக்கவில்லை. விந்தியகிரி என்னும் பாறைமலையின் உச்சியில், அப்பாறையிலேயே, 57 அடி உயரமுள்ள பாகுபலியின் திருவுருவத்தை எழுப்பினார். கி.பி. 981ஆம் ஆண்டளவில் அது நிறைவுற்றது. போதனபுரத்துப் பாகுபலியைக் காண விரும்பிய தம் அன்னை காளலதேவியின் பொருட்டு அவர் இதைச் செய்தார் என்பது மரபு.

அவர் தேர்ந்துகொண்ட வரலாறு எது என்பதே இங்கு எண்ணத்தக்கது. ஆதிபகவனாகிய விருஷபதேவரின் மக்கள் பரதனும் பாகுபலியும். திசையெல்லாம் வென்று திரும்பிய பரதன், தம்பியும் தனக்கு அடிபணிய வேண்டும் என்றான். தந்தை தந்த நாட்டிற்குத் தமையன் உரிமை கொண்டாடுவதைப் பாகுபலி ஏற்கவில்லை. இரு படைகளும் எதிர்நின்றன. அண்ணன் தம்பியர் பூசலுக்காக ஆயிரக்கணக்கானோர் மடிவானேன் என்று அமைச்சர்கள் இடைபுகுந்தனர். படைகள் விலகின, இருவர் மட்டும் மோதினர். பார்வைப் போரிலும் நீர்ப்போரிலும் பாகுபலி வென்றான். மற்போரில் தமையனைத் தலைக்குமேல் தூக்கினான். ஒரு கணம் போதும், தரையில் அறைந்திருக்கலாம். அறையவில்லை, தாங்கி இறக்கினான். நாணமுற்ற பரதன் சக்கரத்தை ஏவினான். அது பாகுபலியைக் கொல்லாமல் வலம் வந்து நின்றது.

நிலத்திற்காகத் தமையன் தன்னைக் கொல்லவும் துணிந்ததைக் கண்ட பாகுபலிக்கு அந்நிலத்தின்மேல் இருந்த பற்று அற்றது. வென்ற நாட்டைத் தோற்றவனிடமே விட்டுத் துறவு பூண்டான். ஓராண்டு நின்ற நிலையில் தவம் செய்தான். காலடியில் புற்று வளர்ந்தது, பாம்புகள் குடிபுகுந்தன, கொடிகள் தொடையையும் தோளையும் சுற்றின. ஆயினும் கேவலஞானம் வரவில்லை. உள்ளத்தில் சிறு முள் ஒன்று இருந்தது. தமையன் தன்னால் வருந்தினானே என்னும் எண்ணம் அது என்று ஆதிபுராணம் கூறும். பரதனின் மண்ணில் நிற்கிறோமே என்னும் மானம் என்று செவிவழிக் கதை கூறும். பரதன் வந்து வணங்கியபோது அம்முள் அகன்றது; ஞானம் விளைந்தது.

தம்பிக்காகப் பழிதீர்த்துப் பட்டம் பெற்றவர், தமையனைக் கொல்லாமல் கையைத் தாழ்த்தியவரை மலையளவு உயர்த்தினார். சாமுண்டராயரின் வாழ்வில் இவ்விரண்டு செயல்களையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால், வீரத்தைப் பற்றி அவர் இறுதியில் கண்ட முடிவு விளங்கும். தம்மினும் பெரிய வீரன் யார் என்று அவர் தேடினார். கண்டுகொண்டபின் அவ்வீரனின் கையில் படைக்கலம் எதையும் வைக்கவில்லை.

பாகுபலி வழிபாடு தமிழகத்திற்குப் புதியதன்று. கழுகுமலையிலும் மதுரைச் சமணர்மலையின் பேச்சிப்பள்ளத்திலும் கொடி சுற்றிய பாகுபலியும் இருமருங்கும் மகளிரும் பாறையில் புடைப்புச் சிற்பமாக உள்ளனர். இவை கோமட்டேசுவரருக்கும் முற்பட்டவை. பாண்டிநாட்டுச் சிற்பி சிறிய அளவில் கண்ட காட்சியைக் கங்கநாட்டுப் படைத்தலைவர் வானளாவக் கண்டார்.

ஒரு சிறு கிண்ணப் பால்

திருவுருவம் நிறைவுற்றபின் நடந்ததாக ஒரு கதை வழங்குகிறது. சாமுண்டராயர் குடம் குடமாகப் பால் சொரிந்து அபிடேகம் செய்வித்தார். எவ்வளவு ஊற்றியும் பால் தொடைக்குக் கீழே இறங்கவில்லை. அப்போது எளிய மூதாட்டி ஒருத்தி, ஒரு காயின் ஓட்டில் கொண்டுவந்த சிறிதளவு பாலை ஊற்ற இசைவு வேண்டினாள். அவள் ஊற்றிய பால் முடிமுதல் அடிவரை நனைத்து மலையிலும் வழிந்தோடியது. இத்தகைய உருவத்தை எடுப்பித்தவன் யான் என்னும் செருக்கு தம்முள் புகுந்ததைச் சாமுண்டராயர் உணர்ந்தார். குல்லகாயஜ்ஜி எனப்படும் அம்மூதாட்டியின் உருவம் இன்றும் பெருமானை நோக்கியவாறு நிற்கிறது.

இது கதையே. ஆயினும் வீரரின் வாழ்வில் இக்கதை ஏன் இடம்பெற்றது என்பதை எண்ண வேண்டும். வெகுளி, செருக்கு, வஞ்சம், பற்று என்னும் கசாயங்கள் நான்கினுள் செருக்கு தனித்தன்மை உடையது. ஏனைய பகைகள் தீச்செயலில் ஒளிந்திருக்கும். செருக்கோ நற்செயலிலும் ஒளிந்திருக்கும். கோட்டைகளைப் பிடித்தவரை ஓர் ஏழைப் பெண்ணின் கையளவு பால் வென்றது. அத்தோல்வியை ஒப்புக்கொண்டு, வென்றவளின் உருவமும் அங்கேயே நிற்க இடம்தந்த பெருமை மரபினால் அவருக்கு உரியதாகிறது.

மன்னர்களின் இறுதிப் போர்

சாமுண்டராயர் தனிமனிதர் அல்லர். அவர் காலமே அத்தகையது. அவருடைய அரசன் மாரசிம்மன் நொளம்பர்களை முறியடித்து ‘நொளம்பகுலாந்தகன்’ எனப் பெயர் பெற்றவன். அவன் அரசைத் துறந்து, பங்காபுரத்தில் அஜிதசேனரின் திருவடியில் மூன்று நாள் சல்லேகனை நோற்று உயிர்நீத்தான். சந்திரகிரியில் உள்ள தூண் கல்வெட்டு அவனுடைய வெற்றிகளையும் இந்நோன்பையும் ஒருங்கே கூறுகிறது. இராட்டிரகூடர் குடியின் இறுதி இளவரசன் நான்காம் இந்திரன் மாரசிம்மனின் மருகன். இழந்த அரசை மீட்க முயன்று இயலாத நிலையில், கி.பி. 982இல் சிரவணபெளகொளத்தில் நோன்பிருந்து மறைந்தான். குதிரையேறிப் பந்தாடுவதில் அவனுக்கிருந்த திறமையை அவனுடைய நினைவுக் கல்வெட்டு விரிவாகப் புகழ்கிறது.

நம் நடுநாட்டிலும் தொண்டைநாட்டிலும் இவ்விரு வகை நினைவுக் கற்களும் அருகருகே உள்ளன. செங்கம் வட்டாரத்தில் ஆநிரை மீட்டும் ஊர் காத்தும் வீழ்ந்தோர்க்கு எடுத்த நடுகற்கள் பல. அதற்குத் தொலைவில் இல்லாத செஞ்சி அருகே திருநாதர்குன்றில், சந்திரநந்தி ஆசிரியர் 57 நாள் உண்ணா நோன்பிருந்து நிறைவெய்திய நிசீதிகைக் கல்வெட்டு உள்ளது. நடுகல்லில் வாளும் வில்லும் உண்டு. நிசீதிகையில் பெயரும் நாள்கணக்கும் மட்டுமே உண்டு. ஆயினும் இரண்டையும் நம் முன்னோர் கல்லிலேயே எழுதினர். மறக்கத்தகாதது என்று கருதியதையே கல்லில் எழுதுவர்.

அழிந்த எழுத்தும் அழியாத வரியும்

விந்தியகிரியில் தியாகத் தூண் என்னும் அழகிய தூண் ஒன்று உண்டு. தியாகம் என்பது இங்குக் கொடையைக் குறிக்கும். சாமுண்டராயர் தம் குடிப்பெருமையையும் போர்வெற்றிகளையும் அத்தூணின் நான்கு பக்கங்களிலும் எழுதுவித்தார். ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்குப் பின்னர் எக்கடே கண்ணன் என்னும் அலுவலர் ஒருவர், தம்முடைய சில வரிகளைப் பொறிப்பதற்காக அவ்வெழுத்தின் பெரும்பகுதியைச் செதுக்கி அழித்துவிட்டார். வீரமார்த்தாண்டரின் வெற்றி வரலாறு அத்தூணில் இன்று அரைகுறையாகவே உள்ளது.

ஆனால் கோமட்டேசுவரரின் திருவடியருகே உள்ள எழுத்துகள் அழியவில்லை. சாமுண்டராசன் இதைச் செய்வித்தான் என்னும் ஒரே செய்தி கன்னடத்திலும் மராத்தியிலும் தமிழிலும் அங்கே பொறிக்கப்பட்டுள்ளது. தமிழ் வரி கிரந்த எழுத்தும் வட்டெழுத்தும் கலந்து அமைந்தது. தமிழ் அறிந்த அடியார் மலையேறி வருவர் என்பதை எதிர்பார்த்தே அது வெட்டப்பெற்றிருக்க வேண்டும். அவ்வரியில் வீரமார்த்தாண்டன் இல்லை, சமரபரசுராமன் இல்லை, போர்களின் பட்டியல் இல்லை. பெயரும் செயலும் மட்டுமே உள்ளன. தூணில் தம்மைப் பற்றி எழுதியது அழிந்தது. திருவடியில் தம்மைச் சுருக்கி எழுதியது நிலைத்தது.

வீரன் ஆவது எப்படி?

வீரன் ஆவதற்கு உடல்வலி வேண்டும்; அஞ்சாமை வேண்டும்; காக்கவேண்டியதைக் காக்கும் துணிவு வேண்டும். சமணம் இவற்றை மறுக்கவில்லை. இவற்றோடு நின்றுவிடாதே என்றே கூறியது. ஓங்கிய கையைத் தாழ்த்தும் ஆற்றல் வந்தபோதே வீரம் நிறைவுறுகிறது. வலிமை இல்லாதவன் கையைத் தாழ்த்துவது இயலாமை. பாகுபலி தாழ்த்தியது வெற்றி. ஆதலின் அகிம்சை வீரத்திற்கு மாற்று அன்று, வீரத்தின் முடிநிலை.

இன்று நமக்குப் போர்க்களங்கள் இல்லை. ஆனால் பரதனும் பாகுபலியும் எதற்காக எதிர்நின்றனரோ அந்தக் காரணம் இன்னும் மறையவில்லை. நிலம், பங்கு, வரப்பு, மூத்தவன் இளையவன் என்னும் மானம் ஆகியவற்றால் ஆண்டுக்கணக்கில் ஒருவரோடு ஒருவர் பேசாத உடன்பிறந்தார் எல்லா ஊர்களிலும் உள்ளனர். ஒரே ஜினாலயத்தில் இருவேறு மூலைகளில் நின்று ஒரே பெருமானை வணங்கிச் செல்வோரும் உளர். வழக்காடு மன்றத்தில் வெல்ல வழக்கறிஞர் துணைசெய்வார். முதலில் சென்று தமையன் வீட்டுக் கதவைத் தட்டுவதற்குத் தன் வீரம் ஒன்றே துணை.

பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை மகாமத்தகாபிடேகம் காண நம்மவர் குடும்பத்தோடு சிரவணபெளகொளம் செல்வது வழக்கம். 2018இல் சென்று வந்தோர் பலர். இனிச் செல்வோர், அறுநூறுக்கும் மேற்பட்ட படிகளை ஏறி, வடக்கு நோக்கி நிற்கும் அத்திருமுகத்தைக் கண்டு வணங்கியபின், கீழே குனிந்து திருவடியருகே உள்ள அத்தமிழ் வரியையும் தம் பிள்ளைகளுக்குக் காட்டுதல் வேண்டும். சமணத்தில் வீரர் உண்டா என்று பிறர் கேட்கும்போது அவர்கள் நாணவும் வேண்டா, சினக்கவும் வேண்டா. அவ்வரியில் உள்ள பெயரைச் சொன்னால் போதும்.

ஜினதருமம் தழைத்தோங்குக!